நாடகப் புத்தகங்கள்: எங்கே தொடங்குவது, எப்படி வாசிப்பது?

புத்தகத்தைத் திறப்பதற்கு முன்பு ஒரு குச்சியைத் தேடி எடுங்கள். உங்கள் கட்டைவிரலின் அகலத்தை 24 முறை அடுத்தடுத்து வைத்து அளந்து, அந்த நீளத்துக்குக் குச்சியை வெட்டிக்கொள்ளுங்கள். சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை சொல்லும் அளவுகோல் அது. பிறகு திறந்த இடம் ஒன்றில் எட்டுக் கோல் நீளம், ஏழு கோல் அகலத்துக்குச் சுண்ணக்கட்டியால் கோடு போடுங்கள். என் விரலுக்கு ஒரு கோல் இரண்டு அடிக்குச் சற்றுக் குறைவாக வந்தது. அரங்கம் ஏறத்தாழ 14 அடிக்கு 12 அடி. மாதவி ஆடிய மேடை அவ்வளவுதான்.

கோட்டுக்குள் போய் நில்லுங்கள். மேடைத் தளத்துக்கும் மேலே உள்ள உத்தரப் பலகைக்கும் இடையே நான்கு கோல், அதாவது 7 அடி. கையை உயர்த்தினால் தட்டிவிடும். வாயில்கள் இரண்டு. எழினிகள், அதாவது திரைகள், மூன்று: ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி. தூண்களின் நிழல் ஆடும் இடத்தில் விழாதபடி விளக்கை ஏற்ற வேண்டும் என்று அந்த அடிகள் சொல்கின்றன. பள்ளியில் இந்த வரிகளுக்குப் பொருள் எழுதி மதிப்பெண் வாங்கியிருக்கிறேன். தரையில் கோடு போட்டு நின்ற அன்றுதான் எனக்கு உறைத்தது: தூணின் நிழல் விழுந்து ஆட்டம் கெட்டுப்போனதை யாரோ கண்ணால் பார்த்திருக்கிறார்கள். கெட்டுப்போன ஒரு மாலைதான் இலக்கணமாக மாறியிருக்கிறது.

நாடகத்தைப் பற்றிய நல்ல புத்தகம் எதுவானாலும் அதன் அடியில் இப்படி ஒரு சிக்கல் இருக்கும். அந்தச் சிக்கலைக் கண்டுபிடித்துவிட்டால் புத்தகம் திறந்துகொள்ளும். இந்தத் துறையில் புதிதாக வாசிக்க வருபவர்களுக்கு நான் பரிந்துரைக்கும் வரிசையும் அதை ஒட்டியதே.

முதல் புத்தகம் ஒரு மனிதரின் கதையாக இருக்கட்டும்

பலரும் கோட்பாட்டு நூல்களிலிருந்து தொடங்குகிறார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன். பிரெஞ்சு நாடகக் கோட்பாட்டாளர் ஆர்த்தோவின் கட்டுரைத் தொகுப்பை இருபது பக்கங்களில் மூடிவைத்து, நாடகம் நமக்கு எட்டாத விஷயம் என்று சில ஆண்டுகள் ஒதுங்கியிருந்தேன். அந்த ஆண்டுகளை நினைத்தால் இன்றும் வருத்தமாக இருக்கிறது. ஒத்திகையில் ஒரு நாளாவது உட்காராதவருக்குக் கோட்பாடு வெறும் சொல்லாகத்தான் இருக்கும். நாடகத்தோடு வாழ்ந்த ஒருவர் தன் கதையைச் சொன்னால் யாருக்கும் புரியும்.

தமிழில் தொடங்க இரண்டு நூல்கள் உண்டு. ஒன்று, பம்மல் சம்பந்த முதலியாரின் 'நாடகமேடை நினைவுகள்'. மற்றொன்று, அவ்வை தி.க. சண்முகத்தின் 'எனது நாடக வாழ்க்கை'. இரண்டையும் அடுத்தடுத்து வாசியுங்கள். முதலியார் 1891இல் சுகுண விலாச சபை என்ற நாடகக் குழுவைத் தொடங்கியவர். வழக்கறிஞர், பின்னர் நீதிபதி. அவருக்கு நாடகம் தொழிலுக்கு வெளியே கொண்ட காதல். சண்முகமோ ஆறு வயதில், 1918இல், சங்கரதாஸ் சுவாமிகள் ஆசிரியராக இருந்த பாலர் சபையில், அதாவது சிறுவர் நாடகக் குழுவில், சேர்ந்தவர். அவருக்கு அதுவே பள்ளி, வீடு, பிழைப்பு எல்லாம். ஒரே காலத்து மேடையை இரண்டு கரைகளிலிருந்து பார்ப்பதுபோல் இருக்கும்.

வாசிக்கும்போது கையில் பென்சில் வைத்துக்கொள்ளுங்கள். புகழ்ச்சிகளுக்கும் விருதுகளுக்கும் கோடு போட வேண்டாம். பணம் பற்றாமல் போன இடம், குரல் போன இடம், காட்சி மாற்ற நேரம் போதாத இடம், கூட்டம் வராத இரவு ஆகியவற்றில் ஓரக்குறி போடுங்கள். புத்தகம் முடிந்ததும் அந்தக் குறிகளை மட்டும் திரும்பப் பாருங்கள். நாடகம் எப்படி உண்டாகிறது என்பது அங்கேதான் இருக்கும்.

ஓர் எடுத்துக்காட்டு. சிறுவன் சண்முகம் நடிப்பதற்காகச் சங்கரதாஸ் சுவாமிகள் 'அபிமன்யு சுந்தரி' நாடகத்தை ஒரே இரவில் எழுதினார் என்பது நாடக உலகில் எல்லோரும் வியந்து பேசும் செய்தி. வியப்போடு நின்றுவிடாதீர்கள். ஒரே இரவில் ஒரு முழு நாடகம் எப்படிச் சாத்தியமாகும் என்று கேளுங்கள். கதை அவருக்கும் பார்வையாளர்களுக்கும் தெரிந்த கதை. மெட்டுகள் அவர் நாவில் இருப்பவை. எந்தப் பையனின் குரல் எந்தச் சுருதி வரை போகும், யாருக்கு எவ்வளவு வசனம் நிற்கும் என்பது அவர்களைத் தினமும் பயிற்றுவித்த வாத்தியாருக்கு அத்துப்படி. இப்படிக் கேட்டால், ஒரு மேதையைப் பற்றிய கதை ஒரு நாடகக் குழு இயங்கும் விதத்தைக் காட்டத் தொடங்கும்.

பிற மொழிகளிலிருந்து எடுத்தால், ரஷ்ய நடிகரும் இயக்குநருமான ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் தன்வரலாறு நல்ல தொடக்கம். 1924இல் முதலில் ஆங்கிலத்தில்தான் வெளிவந்தது. தன் தோல்விகளை அவர் எழுதியிருக்கும் பொறுமைக்காகவே வாசிக்கலாம். ஆனால் தன்வரலாறு என்பது நினைவு. நினைவு தனக்கு வேண்டியதைத்தான் எடுத்துவைக்கும். மாஸ்கோ கலை அரங்கைத் தொடங்குவது பற்றி 1897 ஜூனில் அவரும் நாடகாசிரியர் நெமிரோவிச்-தான்சென்கோவும் ஓர் உணவகத்தில் சந்தித்து, 18 மணி நேரம் பேசினார்கள். அந்தச் சந்திப்பைப் பற்றி இருவருமே தத்தம் நூலில் எழுதியிருக்கிறார்கள். கிடைத்தால் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வாசியுங்கள். நாடகம் ஒருவரால் ஆவதில்லை என்பதால் ஒருவர் சொல்லும் கதை ஒருபோதும் முழுக்கதை ஆகாது.

இங்கே ஒரு நூலைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். வங்க நடிகை பினோதினி தாசியின் தன்வரலாறு. 1870களில் சிறுமியாக மேடையேறியவர். குழுவுக்குச் சொந்தமாக ஓர் அரங்கம் கட்ட ஒரு செல்வந்தர் பணம் தர முன்வந்தார். பினோதினி தன்னோடு வாழ வேண்டும் என்பது அவர் நிபந்தனை. பினோதினி உடன்பட்டார். அரங்கத்துக்குப் பினோதினியின் பெயரை வைப்பதாகச் சொல்லியிருந்தார்கள். 1883இல் பதிவு செய்யும்போது 'ஸ்டார்' என்று வைத்தார்கள். சில ஆண்டுகளில், தன் இருபதுகளின் தொடக்கத்திலேயே, அவர் மேடையை விட்டு விலகினார். எந்த நாடக வரலாற்று நூலை எடுத்தாலும் அரங்கத்தின் பெயர் இருக்கும். அந்தப் பெயருக்குப் பின்னால் இருக்கும் விலையை அவர் எழுதியிராவிட்டால் நமக்குத் தெரிந்திருக்காது. நடிகைகள் எழுதிய நூல்கள் குறைவு. கிடைத்தால் விடாதீர்கள்.

அடுத்து, ஒத்திகையை நாள்வாரியாகச் சொல்லும் நூல்

தன்வரலாறு எழுதுபவருக்கு முடிவு தெரியும். ஒத்திகை நாட்குறிப்பு எழுதுபவருக்கு நாளைக்கு என்ன ஆகும் என்பதுகூடத் தெரியாது. இந்தத் தெரியாமைதான் அந்த வகை நூல்களின் பெறுமதி.

என் விருப்பம் நடிகர் ஆண்டனி ஷெர் 1985இல் வெளியிட்ட நாட்குறிப்பு. 1984இல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்ற நாடகக் குழுவில், ஷேக்ஸ்பியர் நாடகத்தின் மூன்றாம் ரிச்சர்ட் மன்னராக அவர் நடித்தார். அந்த வேடத்தைத் தேடிய மாதங்கள்தான் புத்தகம். கூடவே அவரே வரைந்த ஓவியங்கள். ஷெருக்குப் பெரிய அச்சம் ஒன்று இருந்தது. அந்த வேடத்தில் முன்பு நடித்த லாரன்ஸ் ஒலிவியேயின் குரல் எல்லோர் காதிலும் நிறைந்திருக்கிறது. முதல் வரியைச் சொல்ல வாயைத் திறந்தாலே ஒலிவியே வந்து நின்றுவிடுவார். அதற்கு முன்பு ஷெருக்குக் குதிகால் நரம்பு அறுந்து, ஊன்றுகோலோடு நடக்க நேர்ந்திருந்தது. நாடகப் பிரதியில் ரிச்சர்டைச் சிலந்தி என்று ஏசும் ஒரு வசனம் உண்டு. ஊன்றுகோல் இரண்டும் அந்தச் சொல்லும் சேர்ந்தபோது வேடம் பிறந்தது: இரு கால்களோடு இரு கோல்களும் சேர்ந்து மேடை முழுவதும் பாயும் ஓர் உருவம். அந்தப் பாதையில் எத்தனை தவறான யோசனைகள் வந்து போயின என்பதை ஓவியங்களில் பார்க்கலாம். இந்த நூலை வாசிப்பவர்கள் ஓவியங்களைத் தள்ளிக்கொண்டு போகக் கூடாது. ஒவ்வொன்றிலும் முதுகின் வளைவு எங்கே தொடங்குகிறது என்று மட்டும் கவனியுங்கள். அது மாறிக்கொண்டே வரும்.

இயக்குநரின் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டுமா? செகாவின் 'கடற்பறவை'க்கு 1898இல் ஸ்தனிஸ்லாவ்ஸ்கி எழுதிய மேடைத் திட்டம் அச்சில் உண்டு. யார் எங்கே நிற்பது, எப்போது மௌனம், எந்தக் கணத்தில் தவளைச் சத்தம், நாய்க் குரைப்பு என்று எல்லாவற்றையும் குறித்திருக்கிறார். அந்த நாடகம் அப்போது தனக்குப் பிடிபடவில்லை என்று அவரே பின்னாளில் ஒத்துக்கொண்டிருக்கிறார். பிடிபடாத ஒன்றை ஒரு கலைஞர் ஒலியாலும் அசைவாலும் துழாவிப் பார்ப்பதை நாம் அருகிலிருந்து காண்கிறோம். நாடகத்தையும் திட்டத்தையும் ஒருசேர வைத்துக்கொண்டு, ஓர் அங்கத்தை மட்டும் காட்சி காட்சியாக வாசித்தால் போதும்.

இதற்கு எதிர்த்திசையில் ஆங்கிலேய இயக்குநர் பீட்டர் புரூக் ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறார். இளைஞராக, ஷேக்ஸ்பியரின் நாடகம் ஒன்றை இயக்க வந்தவர், முதல் ஒத்திகைக்கு முந்தைய இரவு அட்டைத் துண்டுகளை நடிகர்களாக வைத்து எல்லா நகர்வுகளையும் திட்டமிட்டுக் கொண்டுபோனார். மறுநாள் நடிகர்கள் நடக்கத் தொடங்கியதும் அது எதற்கும் உதவாது என்று தெரிந்துவிட்டது. அட்டை போல மனிதர்கள் நடக்கவில்லை. திட்டத்தை விட்டுவிட்டு நடிகர்களுக்கு நடுவே போய் நின்றார். அதன்பின் எழுதிவைத்த திட்டத்தைப் பார்த்ததே இல்லை என்கிறார். புரூக்கின் அந்த ஒரு பத்தியையும் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் திட்டத்தையும் ஒரே வாரத்தில் வாசித்துப் பாருங்கள். இருவரில் யார் சரி என்று முடிவுகட்ட அவசரப்பட வேண்டாம்.

நாடகப் பிரதி எப்போதும் பக்கத்தில்

ஒரு நூல் எந்த நாடகத்தைப் பற்றிப் பேசுகிறதோ அந்த நாடகத்தை முதலில் வாய்விட்டு வாசித்துவிடுங்கள். கண்ணால் வாசித்தால் மௌனங்கள் தெரியாது. யார் பேசாமல் நிற்கிறார் என்பதும் தெரியாது. பேசாமல் நிற்பவரைத்தான் மேடையில் நாம் அதிகம் பார்க்கிறோம்.

பயிற்சி நூல்கள்: எப்படி நம் கைக்கு வந்தன என்று பாருங்கள்

நடிப்புப் பயிற்சி நூல்களில் உலகெங்கும் அதிகம் பேசப்படுவது ஸ்தனிஸ்லாவ்ஸ்கியினுடையது. ஒரு மாணவனின் நாட்குறிப்பாக, கற்பனை வகுப்பறை ஒன்றின் கதையாக எழுதப்பட்டது. அதனால் வாசிக்க எளிது. அதனாலேயே தவறாகப் புரிந்துகொள்வதும் எளிது. கற்பனை, கவனம், உணர்ச்சி நினைவு என்று நடிகரின் அகத்தைப் பேசும் முதல் பகுதி ஆங்கிலத்தில் 1936இல் வந்தது. குரல், உடல், பேச்சு ஆகியவற்றைப் பேசும் இரண்டாம் பகுதி வந்தது 1949இல். இடையில் 13 ஆண்டுகள். அந்தக் காலத்தில் முதல் பகுதியை மட்டும் படித்த பலர், அழுகை வரவழைக்கத் தெரிந்தால் நடிப்பு வந்துவிடும் என்று நம்பிவிட்டார்கள். ஒரு முழு நூலின் பாதி, தனி நூல் போல ஒரு தலைமுறையையே வழிநடத்தியது. ஆகவே பயிற்சி நூல் எதை எடுத்தாலும், இது முழுதா, எந்த மொழி வழியாக வந்தது, யார் சுருக்கியது என்று முன்னுரையில் தேடுங்கள். முன்னுரையைத் தாண்டிச் செல்லும் பழக்கம் இருந்தால் இந்த வகை நூல்களுக்கு மட்டுமாவது அதை விட்டுவிடுங்கள்.

அமெரிக்க நாடகப் பயிற்சியாளர் வயோலா ஸ்போலின் 1963இல் வெளியிட்ட நூலில் 200க்கும் மேற்பட்ட நடிப்பு விளையாட்டுகள் இருக்கின்றன. சிகாகோவில் குழந்தைகளோடு வேலை செய்தபோது உருவானவை. அதை அட்டையிலிருந்து அட்டை வரை வாசிப்பது வீண். நாலு பேரைச் சேர்த்து ஒரு விளையாட்டை ஆடுங்கள். பிறகு அந்தப் பக்கத்தை வாசியுங்கள். ஆடியவர்களுக்கு மட்டும் புரியும்படி எழுதப்பட்ட நூல் அது.

இனி கோட்பாடு

இப்போது ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டிடம் போகலாம். அவருடைய 'தூரப்படுத்தல்' என்ற கருத்தைப் பாடப்புத்தக வரையறையாகப் படித்தவர்கள் நிறையப் பேர். நாடகம் பார்ப்பவர் கதையில் கரைந்துவிடாமல் யோசிக்க வேண்டும் என்பது வரையறை. சரி, அந்தக் கருத்து மேடையில் எந்தச் சிக்கலோடு மோதியது? போரில் வியாபாரம் செய்து, அதே போரில் தன் பிள்ளைகளை இழக்கும் ஒரு தாயின் கதை, அவர் எழுதிய 'மதர் கரேஜ்' நாடகம். 1941இல் சூரிச்சில் முதலில் மேடையேறியபோது பார்வையாளர்கள் அந்தத் தாய்க்காக உருகினார்கள். போரால் பிழைக்க நினைத்தவளின் பங்கு அவர்கள் கண்ணில் படவில்லை. பிரெக்ட் சில காட்சிகளைத் திருத்தினார். 1949 ஜனவரியில் பெர்லினில் நடிகை ஹெலன் வைகல் அந்தத் தாயின் வேடத்தில் நடித்தார்.

அந்த மேடையேற்றத்தின் புகைப்படங்கள் தொகுப்பாகக் கிடைக்கின்றன. அதில் ஒன்றைத் தேடிப் பாருங்கள். மகனைச் சுட்டுக் கொல்லும் சத்தம் கேட்கிறது. வைகல் முக்காலியில் உட்கார்ந்திருக்கிறார். தலை பின்னால் சாய்ந்திருக்கிறது. வாய் முழுவதும் திறந்திருக்கிறது. குரல் வரவில்லை. கத்தினால் அந்தத் தாய் பிடிபட்டுவிடுவாள். அதனால் சத்தமில்லாத அலறல். பார்ப்பவர் யோசிக்க வேண்டும் என்று வாதாடிய ஒருவரின் மேடையிலேயே, பார்த்தவர் யாராலும் மறக்க முடியாத துயரம் இருந்தது. பிரெக்ட் உணர்ச்சிக்கு எதிரி என்று யாராவது எழுதியிருந்தால் இந்தப் படத்தை முன்னால் வைத்துக்கொண்டு அந்த வரியை மறுபடியும் வாசியுங்கள்.

நாடக இயக்குநர் அகஸ்டோ போவாலையும் இப்படித்தான் வாசிக்க வேண்டும். பிரேசிலில் அவர் குழு, நிலத்துக்காக ரத்தம் சிந்துவோம் என்று விவசாயிகளிடம் பாடி நடித்தது. நாடகம் முடிந்ததும் ஒரு விவசாயி வந்து, சாப்பிட்டுவிட்டு எங்களோடு துப்பாக்கியை எடுத்துக்கொண்டு வாருங்கள், நிலத்தை மீட்கலாம் என்றார். துப்பாக்கிகள் மரத்தால் செய்த மேடைப் பொருட்கள் என்று நடிகர்கள் சொல்ல வேண்டியதாயிற்று. அப்படியானால் நாங்கள் துப்பாக்கி தருகிறோம், நீங்கள் வாருங்கள் என்றார் அவர். சிந்தச் சொன்ன ரத்தம் தங்களுடையது அல்ல என்பது போவாலுக்கு அன்று விளங்கியது. தானே ஏற்கத் துணியாத ஆபத்தை மேடையிலிருந்து பிறருக்கு உபதேசிக்கக் கூடாது என்று முடிவெடுத்தார். பார்வையாளரே மேடையேறித் தீர்வைத் தேடும் அரங்கத்தை அவர் பின்னர் உருவாக்கியதற்கு அந்த வெட்கம் ஒரு வேர். இதைத் தெரிந்துகொண்டு அவருடைய நூல்களுக்குள் போனால் கலைச்சொற்கள் தொல்லை தராது.

போலந்து இயக்குநர் குரோட்டோவ்ஸ்கியின் நூலும் புரூக்கின் 'வெற்று வெளி'யும் 1968இல் வெளிவந்தவை. உடை, ஒப்பனை, ஒளி, ஒலி எல்லாவற்றையும் கழித்தால் மிஞ்சுவது நடிகரும் பார்வையாளரும்தான் என்பது முதல் நூலின் மையம். இரண்டாவது நூல் மெலிந்தது, உரைகளிலிருந்து உருவானது. இந்த இடத்துக்கு வந்தவர்கள் இரண்டையும் தாமாகவே வாசித்துக்கொள்வார்கள். என் துணை தேவைப்படாது. தமிழில் ந. முத்துசாமியின் தெருக்கூத்துக் கட்டுரைகளையும் இதே வரிசையில் வையுங்கள். கூத்தைப் பழைய பொருளாகக் காட்டாமல், நவீன நடிகருக்கு அது என்ன கற்றுத்தரும் என்று கேட்டவர் அவர்.

பழைய நூல்களைக் கடைசியில் வைத்ததற்குக் காரணம்

பரதரின் நாட்டிய சாஸ்திரம், அரிஸ்டாட்டிலின் கவிதையியல், பரிதிமாற் கலைஞர் 1897இல் எழுதிய 'நாடகவியல்' எல்லாம் சூத்திரம் போலச் சுருங்கியவை. அனுபவம் தெரிந்தவருக்கே சூத்திரம் விரியும். இவற்றுள் புதியவருக்கு மிக நெருங்கிவரக்கூடியது 'நோ' என்ற ஜப்பானிய நாடக வகையின் கலைஞர் ஸெயாமி 1400ஐ ஒட்டி எழுதத் தொடங்கிய நூல். தன் குடும்பத்து வாரிசுகளுக்கு மட்டும் ரகசியமாகக் கைமாறி வந்தது. பொதுமக்கள் கைக்கு அச்சில் வந்தது 1909இல்.

அதில் நடிகரின் வாழ்க்கை வயதுவாரியாகப் பிரித்துச் சொல்லப்படுகிறது. ஏழு வயதில் பயிற்சி தொடங்கட்டும், ஆனால் நல்லது கெட்டது என்று திருத்தாதீர்கள், குழந்தை இயல்பாகச் செய்வதைச் செய்யட்டும் என்கிறார். 17, 18 வயதில் குரல் உடைந்துவிடும், உடலின் வாட்டம் மாறிவிடும், முன்பிருந்த மலர்ச்சி போய்விடும், பார்ப்பவர்கள் சிரிப்பார்கள். அதைப் பொருட்படுத்தாமல் காலையும் மாலையும் பயிற்சி செய், இங்கே விட்டுவிட்டால் எல்லாம் முடிந்தது என்கிறார். ஐம்பதைக் கடந்த தன் தந்தை, இறப்பதற்குச் சில நாட்களுக்கு முன்பு ஆடியதை எழுதும் இடத்தில் ஆசிரியர் மறைந்து மகன் தெரிகிறார். சண்முகத்தின் நூலில் பையன்களுக்குக் குரல் உடையும் பக்கங்களில் ஓரக்குறி போட்டிருப்பீர்கள். ஸெயாமியின் அந்தப் பத்தியை வாசிக்கும் நாளில் அதையும் எடுத்துப் பாருங்கள்.

பெயர் தெரியாதவர்கள்

ஒளியமைப்பவர், ஒப்பனைக்காரர், திரை இழுப்பவர், வசனம் எடுத்துக்கொடுப்பவர் எழுதிய நூல்கள் மிகச் சில. அவர்களை மற்றவர்களின் நூல்களில்தான் தேட வேண்டும்: நன்றியுரையில், புகைப்படத்தின் ஓரத்தில், ஒத்திகைப் பிரதியின் பக்க ஓரக் கையெழுத்தில். தனி நோட்டு ஒன்றில் அவர்கள் வரும் இடங்களை எழுதிவாருங்கள்.

ஓர் ஆண்டுக்கு ஆறு நூல்கள் போதும்: தன்வரலாறு இரண்டு, ஒத்திகை நாட்குறிப்பு ஒன்று, பயிற்சி நூல் ஒன்று, கோட்பாடு ஒன்று, பழைய நூல் ஒன்று. இடையிடையே கண்ணில் படும் நாடகத்துக்கெல்லாம் போங்கள். முடிந்தால் நாடகம் முடிந்த பிறகும் இருக்கையிலேயே கொஞ்ச நேரம் இருங்கள். விளக்குகளைக் கழற்றுவார்கள், பலகைகளைப் பிரிப்பார்கள், யாரோ ஒருவர் தரையில் ஒட்டியிருந்த குறிகளை ஒவ்வொன்றாக உரித்து எடுப்பார். அவரிடம் போய், எந்தக் குறி எதற்கு என்று கேளுங்கள்.